தெருப் பக்கம் சாய்ந்த வீடு

சங்கரவடிவு நேரத்தைக் கொண்டு வீடு கட்டுகிறவள். பாளையங்கோட்டையில் செங்கல்லால் கட்டுகிற ஆர்க்கிடெக்டுகள் இருபது முப்பது பேர் இருந்தார்கள். நேரத்தால் கட்டுகிறவள் அவள் ஒருத்திதான். மாநகராட்சி விண்ணப்பத்தில் கட்டுமானப் பொருள் என்ற இடத்துக்கு எதிரே செங்கல், ஹாலோ பிளாக், நேரம் என்று மூன்று கட்டங்கள் இருக்கும். மூன்றாவதில் டிக் அடித்துக் கையெழுத்துப் போட்டால் போதும்.

படித்து முடித்த புதிதில் அவளும் செங்கல்லால்தான் கட்டினாள். மணல் கிடைக்காத ஒரு வருடம், தேவபிச்சை என்ற ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் அவளைத் தேடி வந்தார். மாடியில் ஓர் அறை வேண்டும் என்றார். “மணலுக்கு எங்கம்மா போவேன்? எங்கிட்ட நேரம்தான் மலை மாதிரி கெடக்கு” என்றார். அப்படியானால் அதையே காட்டுங்கள் என்றாள் சங்கரவடிவு. அவர் ஓய்வுபெற்ற நான்கு வருடத்தையும் காட்டினார். சுத்தமாக, கல் மண் இல்லாமல் இருந்தது. அறையை ஒரே மாதத்தில் கட்டினாள். முதல் காற்றடி காலத்திலேயே அது மாடியிலிருந்து இரண்டு விரற்கடை மேலே எழும்பி நின்றது. ஓய்வு நேரத்துக்கு எடை கிடையாது என்பது அன்றைக்குத்தான் அவளுக்குத் தெரிந்தது. பரீட்சை அறைகளில் கண்காணிப்பாளராக அவர் நடந்து கழித்த நாட்களில் ஒரு பத்து நாளை வாங்கி நாலு மூலையிலும் வைத்ததும் அறை இறங்கி உட்கார்ந்தது.

அதற்குப் பிறகு இருபத்தாறு வருடங்களில் அவள் கற்றுக்கொண்டது நிறைய. ஆஸ்பத்திரி வராந்தாவில் கழிந்த நேரம் அஸ்திவாரத்துக்கு நல்லது. தூங்கிய நேரத்தைத் தரையில் போட்டால் கோடையிலும் காலுக்குக் குளிர்ச்சியாக இருக்கும். ஞாயிற்றுக்கிழமைகள் கூரைக்கு. சண்டை போட்ட நேரம் எதற்கும் ஆகாது, வெயிலில் உப்பும், சுண்ணாம்பு பிடிக்காது. சந்தோஷமாக இருந்த நேரத்தை எல்லோரும் பெருமையாகக் கொண்டுவந்து வைப்பார்கள், ஆனால் காய்ந்தால் பாதியாகச் சுருங்கிவிடும். நிலைப்படிக்கு மேலே ஒரு வரி வைக்கலாம், அவ்வளவுதான். சுவருக்கு என்றால் காத்திருந்த நேரம்தான். அதற்கு ஈடு வேறில்லை.

நேரத்தை எடுப்பதில் வித்தை ஒன்றும் இல்லை. வீட்டுக்காரர் மனையில் ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்து, அந்த நேரம் எப்படிப் போயிற்று என்று ஒன்று விடாமல் சொல்ல வேண்டும். சொல்லச் சொல்ல அது இறங்கும். அவளிடம் ஆரம்பத்திலிருந்தே வேலை செய்கிற மாடக்கண்ணு மேஸ்திரி அதை ஈரச் சாக்கில் ஏந்தி வரி வரியாக வைப்பார். சொல்லி முடித்த பிறகு அது சொன்னவரிடம் இருக்காது, சுவரில் இருக்கும். பிறகு இருபத்தோரு நாள் அந்தப் பக்கம் யாரும் சத்தம் போட்டுப் பேசக் கூடாது. செங்கல் கட்டடத்துக்குத் தண்ணீர் விடுவதைப் போலத்தான்.

தொழிலில் அவள் ஒரு விதியை வைத்திருந்தாள். தன்னுடைய நேரத்தில் ஒரு நிமிஷத்தைக்கூட இன்னொருவர் வீட்டில் வைப்பதில்லை. வீடு வீட்டுக்காரருடையது. அதில் ஆர்க்கிடெக்டின் நேரம் கலந்தால் வீடு யாரைப் பார்ப்பது என்று தெரியாமல் திண்டாடும். அவள் குடியிருந்தது சமாதானபுரத்தில் ஒரு வாடகை வீடு, செங்கல் வீடு. கணவர் கைலாசம் இறந்து பன்னிரண்டு வருடம் ஆகியிருந்தது.

செண்பகவல்லி அவளிடம் வந்தது, வீடு சாய்வதற்கு இரண்டு வருடத்துக்கு முன்னால். கிளை நூலகத்தில் உதவியாளராக இருந்தாள். அவள் கணவன் நம்பிராஜன், கேஸ் அடுப்புக்கு டியூப் வாங்கிவருகிறேன் என்று ஒரு நாள் காலையில் போனவன், திரும்பவில்லை. ஒன்பது வருடம் அவள் காத்திருந்தாள். அவன் போனபோது மகள் உலகம்மாளுக்கு ஐந்து வயது.

“ஒன்பது வருஷம் முழுசா இருக்கா, நடுவுல எங்கயாவது விட்டுப்போயிருக்கா?” என்று சங்கரவடிவு கேட்டாள்.

“ரெண்டாவது வருஷம் டைபாய்டு வந்து ஒரு வாரம் நினைவில்லை மேடம். மத்தபடி முழுசா இருக்கு.”

செண்பகவல்லி நாற்காலியில் உட்கார்ந்து நாற்பது நாள் சொன்னாள். கதவுச் சத்தம் கேட்டு எழுந்தது, தபால்காரர் தெருவைக் கடந்து போனது, இரண்டு ஆழாக்குப் போதும் என்கிற இடத்தில் மூன்று ஆழாக்கு அரிசி போட்டது. மாடக்கண்ணு மேஸ்திரி நான்கு சுவரையும் எழுப்பினார். இப்படியொரு சரக்கு தன் கையில் பட்டதில்லை என்றார். கடைசி நாள் சொல்லி முடித்ததும் செண்பகவல்லி எழுந்து சேலையைத் தட்டிவிட்டுக்கொண்டாள். “இப்போ ஒண்ணுமில்ல மேடம். லேசா இருக்கு” என்றாள். பால் காய்ச்சிக் குடிபோனார்கள். இரண்டு வருடம் அந்த வீட்டில் ஒரு விரிசல் விழவில்லை.

ஐப்பசியில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை பதினோரு மணிக்கு அவளிடமிருந்து போன் வந்தது.

“மேடம், வீடு சாஞ்சிருக்கு.”

“எந்தப் பக்கம்?”

“தெருப் பக்கம். அவர் வந்திருக்கார்.”

“எங்க நிக்கிறார்?”

“எதுத்தாப்ல, வேப்பமரத்தடியில.”

“அங்கயே நிக்கச் சொல்லுங்க. படி ஏற வேண்டாம். நான் வந்துட்டேன்.”

சங்கரவடிவும் மேஸ்திரியும் ஆட்டோவில் போனார்கள். மேஸ்திரி தூக்குக்குண்டு பிடித்துப் பார்த்தார். நான்கு விரற்கடை சாய்ந்திருந்தது. வேப்பமரத்தடியில் ரெக்சின் பையோடு நின்றிருந்த நம்பிராஜனை, தெருமுனைவரை போய்வரச் சொன்னார்கள். அவன் நடந்த பக்கமெல்லாம் வீடு மெதுவாகத் திரும்பியது. முனையில் அவன் மறைந்தபோது இன்னும் ஒரு விரற்கடை எட்டிப் பார்த்தது. பக்கத்து வீட்டுக்காரர் தன் பைக்கை எடுத்து எதிர்ப்பக்கம் நிறுத்திக்கொண்டார்.

விஷயம் சங்கரவடிவுக்குப் புரிந்துவிட்டது. காத்திருந்த நேரம் உறுதியாக இருப்பது, காத்திருந்தது வந்து சேராத வரைக்கும்தான். அவன் வாசற்படியில் கால் வைத்தால் நான்கு சுவர்களும் அந்தக் கணமே முடிந்துபோகும். மேலே இருக்கிற ஞாயிற்றுக்கிழமைகள் அத்தனையும் தலையில் இறங்கும்.

அவள் செண்பகவல்லியைத் தனியாகக் கூப்பிட்டாள். “ரெண்டு வழி இருக்கு செண்பகம். அவரை ஊரை விட்டுப் போகச் சொல்லலாம். வீடு கொஞ்ச நாள்ல நிமிர்ந்துரும். இல்ல, அவரை உள்ள விடணும்னா சுவரை மாத்தணும். நீங்கதான் சொல்லணும்.”

செண்பகவல்லி வேப்பமரத்தைப் பார்த்தாள். அங்கே நின்றவன் தலை நரைத்துப்போயிருந்தான்.

“எனக்கு ஒண்ணும் தோணல மேடம். யாரோ பஸ்ஸைத் தவறவிட்டு நிக்கிற மாதிரி இருக்கு. காத்துட்டிருந்தது நான் இல்லையே, வீடுதான்.” வீட்டைத் திரும்பிப் பார்த்து, “ஆனா அது இப்படி எட்டி எட்டிப் பாக்கிறதைப் பாக்க முடியல. பாவம். உள்ள விட்ருவோம்” என்றாள்.

சுவரை மாற்ற நேரம் வேண்டும். செண்பகவல்லியிடம் இருந்ததெல்லாம் ஏற்கனவே சுவரில் இருந்தது. உலகம்மாளுடையதை எடுக்கச் சங்கரவடிவுக்கு மனமில்லை. பதினாறு வயதுப் பிள்ளையிடம் சுவருக்கு ஆகிற நேரம் இருக்கவும் கூடாது. அந்தப் பெண்ணோ வெளியே வரமாட்டேன் என்று கூடத்தில் சுவரில் முதுகு சாய்த்து உட்கார்ந்திருந்தாள். “இந்தச் சுவர்லதான் சாஞ்சு படிப்பேன். எல்லாத்தையும் மாத்தி முடிங்க, அப்புறம் எந்திரிக்கேன்” என்றாள்.

காத்திருந்தது அவனுக்காக என்பதால் நம்பிராஜனுக்கும் அந்த வீட்டில் பாதி உரிமை உண்டு. அவனுடைய பதினோரு வருடம் என்ன ஆயிற்று என்று பார்க்கலாம் என்று மேஸ்திரி சொன்னார். டீக்கடை பெஞ்சில் அவனை உட்காரவைத்தார்கள்.

“எங்க இருந்தீங்க?” என்று சங்கரவடிவு கேட்டாள்.

“ரத்லாம்ல, மத்தியப் பிரதேசம். ஒரு ஓட்டல்ல மாவரைக்கிற வேலை.”

“ஏன் வரல?”

அவன் டீ கிளாஸை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான். “டியூப் கடை பூட்டியிருந்துச்சு. தொறக்கட்டும்னு ஜங்ஷன்ல போய் உக்காந்தேன். ஒரு ரயில் நின்னுச்சு. ஏறிட்டேன். ஏன் ஏறினேன்னு எனக்குத் தெரியல. மறுநாள் திரும்பிரலாம்னு நெனச்சேன். அதுக்கு மறுநாளும் அப்படித்தான் நெனச்சேன். தெனமும் நெனச்சேன்.”

சொன்னவரைக்கும் இறங்கியதை மேஸ்திரி இரண்டு விரலால் எடுத்துப் பார்த்தார். பிசின்போல நீண்டது. “சுவருக்கு ஆகாதும்மா. இழுத்தா வருது, விட்டாப் போவுது. அவ்வளவும் தள்ளிப்போட்ட நேரம்.”

சங்கரவடிவு அதை வாங்கி வெளிச்சத்தில் பிடித்தாள். தள்ளிப்போட்ட நேரம் எதையும் தாங்காதுதான். ஆனால் எதையும் தள்ளிப்போடும். கூரையைச் சுற்றி அதைக் கயிறாகக் கட்டினால், கூரை விழுவது தள்ளிப்போகும். சுவரை மாற்றுகிற வரைக்கும் அது போதும்.

நம்பிராஜன் மூன்று நாள் சொன்னான். மேஸ்திரி கயிறு திரித்துக் கூரையின் நாலு பக்கமும் கட்டினார். கூரை, விழலாம் என்ற யோசனையோடு அப்படியே நின்றது.

வெள்ளிக்கிழமை காலையில் அவன் கடைசி நாளையும் சொல்லி முடித்தான். முடித்ததும் பெஞ்சிலிருந்து எழுந்து நேராக வீட்டைப் பார்த்து நடந்தான். அவனிடம் இருந்த தள்ளிப்போடுதல் எல்லாம் இப்போது கூரையில் இருந்தது. அவனால் எதையும் ஒரு நொடி தள்ளிப்போட முடியவில்லை.

“கொஞ்சம் இருங்க” என்றாள் செண்பகவல்லி, கேட்டில் குறுக்கே நின்று.

“இருக்க முடியலயே. இப்பவே வரணும்.” அவன் கோபமாகச் சொல்லவில்லை. தாகம் எடுக்கிறது என்று சொல்கிற மாதிரிச் சொன்னான். வீடு அவனை நோக்கி இன்னும் இரண்டு விரற்கடை சாய்ந்தது. கூடத்தில் உலகம்மாளின் முதுகு சுவரோடு சேர்ந்து சரிந்தது.

செண்பகவல்லி அவனுடைய வலது மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். பதினோரு வருடத்தில் முதல் தடவையாக அவனைத் தொட்டாள். பாரமான பையைப் பிடிப்பதைப்போல, காலை அகட்டி ஊன்றிப் பிடித்தாள். “எவ்வளவு நேரம் ஆகும் மேடம்?” என்று திரும்பாமல் கேட்டாள்.

சங்கரவடிவு மேஸ்திரியைப் பார்த்தாள். மேஸ்திரி வெறும் சாக்கைக் கையில் வைத்துக்கொண்டு அவளைப் பார்த்தார். சரக்கு எதுவும் இல்லை. ஊரில் வேறு யாரிடமாவது வாங்கலாம் என்றால், அது சொந்த நேரமாக இருக்காது, நிற்காது. இந்த வீட்டில் கொஞ்சமாவது சொந்தம் என்று சொல்லக்கூடியவர்கள் குடியிருப்பவர்களும், அதை மனதில் முதலில் கட்டிப் பார்த்தவளும்தான்.

“நாற்காலியைக் கூடத்துல போடுங்க மேஸ்திரி” என்றாள்.

அவள் உட்கார்ந்தாள். எதிரே உலகம்மாள் கண்ணை எடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தாள். சங்கரவடிவு சொல்ல ஆரம்பித்தாள்.

சாயங்காலம் ஐந்து நாற்பதுக்குக் கைலாசத்தின் ஸ்கூட்டர் முனை திரும்பும். திரும்பும்போது ஒரு தடவை இருமும், பிறகு ஓசை குறையும். அந்த இருமலைக் கேட்டதும் அவள் அடுப்பைச் சிறிதாக்கிப் பாலை வைப்பாள். அவர் இறந்து பதினாறாம் நாள் காரியம் முடிந்து உறவுக்காரர்கள் எல்லோரும் ஊருக்குப் போன அன்றைக்கு, ஐந்து நாற்பதுக்கு அவள் கை தானாக அடுப்பைச் சிறிதாக்கியது. அவர் வரமாட்டார் என்று அவளுக்குத் தெரியும். ஆஸ்பத்திரியில் கையெழுத்துப் போட்டு உடலை வாங்கியவளே அவள்தான். தெரிந்தும் ஆறு பத்து வரைக்கும் நின்றாள். மறுநாளும் நின்றாள். அந்த அரைமணி நேரத்தில் யாராவது போன் செய்தால் எடுக்க மாட்டாள். ஒரு தடவை மதுரையில் ஒரு கூட்டத்தில் இருந்தபோது ஐந்து நாற்பது ஆயிற்று. கூட்டத்திலிருந்து வெளியே வந்து, தெரியாத ஊரின் தெருமுனையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். மழை பெய்த நாட்களில், மழைக்கோட்டை எடுத்துப்போனாரா என்று நினைத்தாள். மழைக்கோட்டு ஆணியில்தான் தொங்கிக்கொண்டிருந்தது.

இதை அவள் யாரிடமும் சொன்னதில்லை. சொல்லச் சொல்ல இறங்கியது. மேஸ்திரி பழைய சுவர்களுக்கு உட்புறமாக, அவற்றை ஒட்டியே வரி வைத்துக்கொண்டு போனார். பத்துப் பன்னிரண்டு வரி எழும்பியதும் ரசமட்டத்தை வைத்துப் பார்த்தார். குமிழி நடுவில் நின்று, அசையவே இல்லை.

“இது என்ன சரக்கும்மா? கரண்டி எறங்க மாட்டேங்கு.”

“வரமாட்டாங்கன்னு தெரிஞ்சும் காத்துட்டிருந்தது.”

மேஸ்திரி கரண்டியை மாற்றிக்கொண்டார்.

வெளியே செண்பகவல்லி பிடியை விடாமல் நின்றாள். அவன் துடித்துக்கொண்டிருந்தான். ஒரு மணிநேரம் கழித்து, நிற்க முடியாமல் இருவரும் கேட்டுப் பக்கத்திலேயே தரையில் உட்கார்ந்தார்கள். அப்போதும் மணிக்கட்டு அவள் கையில்தான் இருந்தது. ரத்லாமில் குளிர் எப்படி என்று அவள் கேட்டாள். கடுமையாக இருக்கும், மாவு புளிக்கவே இரண்டு நாள் ஆகும் என்றான். உலகம்மாள் எத்தனையாவது படிக்கிறாள் என்று அவன் கேட்டான். பதினொன்றாவது என்றாள். பக்கத்து வீட்டுக்காரர் இரண்டு பேருக்கும் மோர் கொண்டுவந்து கொடுத்தார்.

பன்னிரண்டாவது வருடத்தின் கடைசிச் சாயங்காலம், அதாவது முந்தின நாள் சாயங்காலத்துக்கு, வந்தபோது சங்கரவடிவு சற்று நிறுத்தினாள். அதை மட்டும் வைத்துக்கொள்ளலாமா என்று நினைத்தாள். வடகிழக்கு மூலையில் ஒரு முழம் குறைவாக இருந்தது. உலகம்மாள் உட்கார்ந்திருந்தது அந்த மூலையில்தான். சங்கரவடிவு அதையும் சொன்னாள்.

மேஸ்திரி வாசலுக்கு வந்து கையைக் காட்டினார். செண்பகவல்லி பிடியை விட்டாள். நம்பிராஜன் ஓடி வந்து படியில் கால் வைத்தான். பழைய சுவர்கள் நான்கும், வேலை முடிந்தவர் உட்காரும்போது விடுகிற மூச்சைப்போல ஒன்றை விட்டு முடிந்துபோயின. கூரை புதுச் சுவரில் இறங்கி உட்கார்ந்தது. வீடு சுற்றிலும் ஒரு சாண் சிறுத்திருந்தது. அதற்கான படிவத்தைச் சங்கரவடிவு மறுநாளே மாநகராட்சியில் கொடுத்தாள்.

“சாப்பிட்டீங்களா?” என்று செண்பகவல்லி நம்பிராஜனிடம் கேட்டாள். உலகம்மாள் எழுந்து தன் முதுகைத் தட்டிவிட்டுக்கொண்டு, தட்டு எடுத்துப் போட்டாள்.

சங்கரவடிவு வீட்டுக்கு வந்தபோது நான்கு மணி. குளித்தாள். துணி மடித்தாள். ஐந்து நாற்பதுக்கு ஒரு ஸ்கூட்டர் முனை திரும்பியது, யாருடையதோ. அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை. அவள் கை மட்டும் போய் அடுப்பைப் பற்றவைத்துச் சிறிதாக்கியது. எதற்கு என்று அவளுக்கு நினைவு வரவில்லை. அடுப்பில் எதுவும் இல்லாததால் அணைத்துவிட்டாள். அவளுக்கு லேசாக இருந்தது. அந்த லேசு அவளுக்குப் பிடிக்கவில்லை. இரண்டு கையையும் மேஜைமேல் வைத்துக்கொண்டு, காற்றில் எழும்பிவிடாமல் இருப்பவளைப்போல உட்கார்ந்திருந்தாள்.

தங்கள் வீட்டில் தினமும் ஐந்து நாற்பதுக்கு வாசல்கதவு தானாகத் திறக்கிறது என்று உலகம்மாள் பிறகு ஒரு நாள் சொன்னாள். மழை நாளில் சற்று முன்னாலேயே திறக்குமாம். “‘இன்னும் வரல’ன்னு நான் சொல்லுவேன் மேடம். ஆறு பத்துக்கு அதுவே மூடிக்கிடும்.”

“நல்லது. தெனமும் சொல்லிரு” என்றாள் சங்கரவடிவு.

நம்பிராஜன் எந்த வேலையையும் உடனே செய்தான். ஒழுகுகிற குழாயை, சொல்லி முடிப்பதற்குள் சரிசெய்தான். முன்னறையில் படுத்துக்கொண்டான். அவனை மன்னித்தாளா என்று கேட்டவர்களிடம் செண்பகவல்லி, அதற்குத் தேவையான கோபமெல்லாம் பழைய சுவரோடு போய்விட்டது என்றாள். மார்கழியில் ஒரு நாள் அவன் ரேஷன் கடைக்குப் போனான். வரிசை நீளமாக இருந்ததால் தாமதமாயிற்று. செண்பகவல்லி போன் செய்தாள்.

“மேடம், இன்னைக்கு ஒரு கால்மணி நேரம் புதுசா சேந்திருக்கு. ரெண்டு தடவை கடிகாரத்தைப் பாத்தேன். இத என்ன செய்ய? உங்ககிட்ட கொண்டுவந்து தரவா?”



“வேண்டாம் செண்பகம். நீங்களே வச்சுக்கிடுங்க.”

மறுநாள் காலையில் அவள் அலுவலகத்தைத் திறக்க மாடிப்படி ஏறியபோது படியெல்லாம் ஈரமாக இருந்தது. வாடிக்கையாளர் பெஞ்சில் கடல் உட்கார்ந்திருந்தது. திருச்செந்தூரிலிருந்து முதல் பஸ்ஸில் வந்ததாகச் சொன்னது. ஓர் அறை கட்ட வேண்டும், பெரிதாக வேண்டாம், பத்துக்குப் பத்துப் போதும், ஆனால் கதவுக்கு உள்பக்கம் தாழ்ப்பாள் அவசியம், கரையில் எந்நேரமும் யாராவது நின்று பார்த்துக்கொண்டே இருக்கிறார்கள் என்றது. சங்கரவடிவு கீழ்த்தட்டில் இருந்த கோப்புகளை எடுத்து மேல்தட்டில் வைத்துவிட்டு, புது விண்ணப்பம் ஒன்றை எடுத்தாள். ஜன்னல் வேண்டுமா என்று கேட்டாள்.